யோசுவா என்கிற உச்சிமாகாளி

ஆட்டோவைச் சந்து முனையிலேயே நிற்கச் சொல்லிவிட்டு, செண்பகவல்லி சேலைத் தலைப்பைத் தலைக்கு மேல் பிடித்துக்கொண்டு சேற்றில் ஓடிவந்தாள். விடிந்து அரை மணி நேரம்கூட ஆகியிருக்காது. இடவப்பாதிப் பருவமழை மூன்று நாளாக விடாமல் பெய்து, சாலை பஜாருக்குப் பின்னால் குளத்தங்கரை லைன் வீடுகளின் வாசற்படிவரை தண்ணீர் ஏறியிருந்தது.

"ஆட்டோ வந்திருக்கு. எந்திரியும். ஆஸ்பத்திரிக்குப் போயிருவோம்."

பாயில் கிடந்த உச்சிமாகாளி கண்ணைத் திறந்தான். கோணி ஊசி குத்திய பாதம் நான்கு மாதத்தில் கணுக்கால்வரை கறுத்து, இப்போது முழங்காலையும் எட்டியிருந்தது. சர்க்கரை உள்ள உடம்பு என்று பக்கத்து வீட்டுக் கம்பவுண்டர் பார்த்த மாத்திரத்தில் சொல்லியிருந்தார். ஐந்து நாளாகக் காய்ச்சல்.

"வேண்டாம் செம்பகம்."

"என்னத்த வேண்டாம்? நேத்து ராத்திரி முழுக்க என்னையவே யாருன்னு கேட்டீரு."

"கேட்டேனா?" அவன் லேசாகச் சிரித்தான். "யாருன்னு சொன்ன?"

அவள் முழங்காலை மடக்கி உட்கார்ந்து அவன் முதுகுக்கு அடியில் கையைக் கொடுத்தாள். ஒரு காலத்தில் இரண்டு அரிசி மூட்டையைச் சேர்த்துத் தூக்கிய ஆள். இப்போது அவள் ஒருத்தியே சந்து முனைவரை கொண்டுபோய்விடலாம் போலிருந்தது. தோள் எலும்பு அவள் உள்ளங்கையில் குத்தியது.

"ஏளா, நீ தூக்குனா என்னால தடுக்க முடியாது. ஒடம்புல தெம்பு இல்ல" என்றான் அவன். மூச்சு வாங்கியது. "அதனாலதான் கேட்டுக்கிடுதேன். தூக்காத. நான் சொன்ன சொல்லோட போயிருதேன்."

"யாருக்குச் சொன்ன சொல்லு?"

அவன் கூரையைப் பார்த்தான். அது அவளுக்குத் தெரிந்த பதில்தான்.

சந்து முனையில் ஹார்ன் மூன்று தடவை அடித்தது. கை அப்படியே அவன் முதுகுக்கு அடியில் இருந்தது. நாலாவது தடவை அடித்தபோது அவள் கையை மெதுவாக உருவிக்கொண்டு, தலையணையைச் சரிசெய்துவிட்டு வெளியே போனாள்.

"எந்தா சேச்சி, ஆள் எவிடே?" என்றான் ஆட்டோக்காரன்.

"வேண்டாம். நீ போ."

ஒன்பது மணிக்குக் கடுங்காப்பி கேட்டான். இரண்டு மிடறு குடித்தான். மீதியை ஆறவைத்துத் தருகிறேன் என்று அவள் தம்ளரை அடுப்புத் திட்டில் வைத்துவிட்டுத் திரும்புவதற்குள் எல்லாம் முடிந்திருந்தது.

*

பணகுடிப் பக்கத்து ஊரிலிருந்து கல்யாணமான புதிதில் வந்தவர்கள். பிள்ளை இல்லை. அவன் சாலையில் சுமை தூக்கினான். அவள் பழவங்காடிப் பிள்ளையார் கோயில் முன்னால் பூக்கட்டி விற்றாள். பதினைந்து வருஷம் அவன் தூக்கிய சுமையெல்லாம் சாராயக்கடைக்குப் போயிற்று. வீட்டில் அடுப்பெரிந்தது பூவினால். ஒருநாள் புத்தரிக்கண்டம் மைதானத்தில் யாரோ சுவிசேஷக் கன்வென்ஷன் போட்டிருந்தார்கள். குடித்துவிட்டுப் பந்தல் ஓரம் மழைக்கு ஒதுங்கிப் படுத்தவன், தமிழில் யாரோ பேசுவதைக் கேட்டு எழுந்து உட்கார்ந்திருக்கிறான். என்ன கேட்டான் என்று அவனுக்கே சரியாகச் சொல்லத் தெரியவில்லை. மறுநாள் குடிக்கவில்லை. அதற்கு மறுநாளும் குடிக்கவில்லை. அப்படியே பதினொரு வருஷம்.

"குடிய விடவச்சது அந்த ஏசுன்னா அவருக்கும் ஒரு மொழம் பூ நான் தாரேன்" என்று அவள் அப்போது சொன்னாள். "அவருக்குப் பூ வேண்டாம்" என்றான் அவன்.

கரமனை ஆற்றில் முங்கி ஞானஸ்நானம் எடுத்தான். பெயர் யோசுவா என்றானது. தகரக் கொட்டகையில் நடக்கும் அந்தச் சபையில் இருபது குடும்பங்கள். கொத்தனார்கள், ஓட்டலில் மேஜை துடைப்பவர்கள், எல்லாரும் தெற்கத்தித் தமிழர்கள். வெள்ளை உடுப்பு. நகை கிடையாது. சினிமா கிடையாது. மருந்து கிடையாது, ஜெபம்தான். ஓட்டுப்போடக் கூடாது, கொடி பிடிக்கக் கூடாது, எந்தச் சங்கத்திலும் சேரக் கூடாது. நம்முடைய குடியிருப்பு பரலோகத்தில். சாலையில் யூனியன் கார்டு இல்லாதவன் சுமை தொட முடியாது. அவன் கார்டைத் திருப்பிக் கொடுத்துவிட்டு ஒரு மண்டிக்குப் பின்னால் உட்கார்ந்து கிழிந்த சாக்குத் தைக்க ஆரம்பித்தான். பேச்சு குறைந்தது. கை ஓங்குவது அடியோடு நின்றது. மாலையில் கோயில் நடையிலிருந்து அவள் வரும்போது சோறு வடித்து வைத்திருப்பான். பூக்கூடையை மட்டும் தொடமாட்டான். அதைத் தாண்டாமல் சுற்றிக்கொண்டு போவான்.

*

பாஸ்டர் வன்னியராஜ் பதினொரு மணிக்கு வந்தார். முப்பத்தைந்து வயதிருக்கும். வாரம் முழுக்கச் சைக்கிள் கடையில் பஞ்சர் ஒட்டி, ஞாயிற்றுக்கிழமை பிரசங்கம் பண்ணுகிறவர். நகக்கண்ணில் எப்போதும் கிரீஸ் இருக்கும். வெள்ளைச் சட்டை நனைந்து முதுகோடு ஒட்டியிருந்தது.

அவருக்காக ஒரு வார்த்தையைச் செண்பகவல்லி நான்கு மாதமாகத் தொண்டையில் வைத்திருந்தாள். ஆனால் போன வருஷம் அவருடைய மகள் சூசன்னாள், ஏழு வயதுப் பிள்ளை, காய்ச்சலில் கிடந்து இறந்தது லைன் முழுக்கத் தெரியும். அந்தப் பிள்ளைக்கும் அவர் ஒரு மாத்திரை வாங்கித் தரவில்லை. எட்டு நாள் தலைமாட்டிலேயே முழங்காலில் நின்றார் என்று சொன்னார்கள். அப்படிப்பட்ட ஆளிடம் எதைக் கேட்பது?

"ஒமக்கு வரத் தெரிஞ்சுதா?" என்று மட்டும் கேட்டாள்.

அவர் தலையைக் குனிந்துகொண்டார்.

சபை ஆண்கள் உடலைக் குளிப்பாட்டி வெள்ளை வேட்டி சட்டை உடுத்தினார்கள். பெண்கள் சுவரோரம் உட்கார்ந்து மெல்லிய குரலில் பாடினார்கள். மாரடிப்பதற்கு வந்த பக்கத்து லைன் பெண்கள் அந்தப் பாட்டுக்கு எப்படி அழுவது என்று தெரியாமல் முழித்துக்கொண்டு நின்றார்கள். மாடம்மாள் என்ற சபைக்காரி செண்பகவல்லியின் அருகில் வந்து, "அக்கா, எங்கள்ல வளையல் ஒடைக்கிறது, தாலி அறுக்கிறது ஒண்ணும் கிடையாது. யாரும் ஒங்களத் தொடமாட்டாங்க" என்று காதோடு சொன்னாள். செண்பகவல்லி கழுத்தில் கிடந்த மஞ்சள் கயிற்றைச் சேலைக்குள் தள்ளிக்கொண்டாள்.

அடக்கம் எங்கே என்பதுதான் பெரிய பிரச்சினையாக இருந்தது. சபைக்குச் சொந்தமாகக் கல்லறை இல்லை. பெரிய சர்ச் கல்லறைத் தோட்டத்தில் முங்கி ஞானஸ்நானக்காரர்களுக்கு இடம் கிடையாது. ஊருக்குப் பொதுவான மயானத்தில் ஒரு ஓரம் உண்டு. அதற்கு வார்டு மெம்பரின் கையெழுத்து வேண்டும். சபையில் ஓட்டுப்போட்டவர் ஒருவர்கூட இல்லை. காலையிலேயே போன இரண்டு பேரை மெம்பர் வீட்டு வாசலிலேயே திருப்பி அனுப்பிவிட்டார்களாம். சூசன்னாளை எங்கே புதைத்தார்கள் என்று செண்பகவல்லிக்கு அப்போதுதான் கேட்கத் தோன்றியது. கேட்கவில்லை.

பன்னிரண்டு மணிக்குத் தங்கப்பன் வந்தான். சுமட்டுத் தொழிலாளி யூனியன் கன்வீனர். தலையில் சிவப்புத் துண்டு. கார்டைத் திருப்பிக் கொடுத்த நாளில் நடுரோட்டில் உச்சிமாகாளியின் சட்டையைப் பிடித்து உலுக்கியவன். செண்பகவல்லி எழுந்து நின்றாள்.

அவன் செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்து, உடலின் கால்மாட்டில் கொஞ்ச நேரம் நின்றான்.

"மண்ணு கிட்டலை, அல்லே?" என்றான் பாஸ்டரிடம்.

"இல்ல சார்."

"எப்படிக் கிட்டும்? ஜாதை ஊர்வலத்துக்கு வரமாட்டீங்க. வோட்டுச் செய்யமாட்டீங்க. மெம்பர் கேக்கமாட்டாரா, 'மண்ணு மாத்திரம் எங்க மண்ணு வேணுமோ'ன்னு. நியாயமல்லே?"

 பாட்டு நின்றுபோயிற்று.

தங்கப்பன் செண்பகவல்லியின் பக்கம் திரும்பினான். "சேச்சி, ஒண்ணு பறையட்டா? எழுபத்திரண்டுல நாங்க பத்தொம்பது நாள் வேலைக்கு ஏறாம சமரம் கெடந்தோம். மண்டிக்காரங்க இவன்கிட்ட வந்தாங்க. இவன் யூனியன் இல்லல்ல, லோடு எறக்கித் தான்னு. இவன் சாக்குத் தைக்கிற ஊசியக் கீழ வச்சிட்டு எந்திரிச்சு வீட்டுக்குப் போனான். நாங்க வேலைக்கு ஏறுன அன்னிக்குத்தான் அவனும் வந்தான். கொடியும் பிடிக்கலை, கோஷமும் விளிக்கலை. நான் கேட்டேன், 'எதுக்குடா?'ன்னு. 'ஒங்க வயித்துல அடிக்க எனக்கு வேதத்துல எடமில்ல'ன்னான்."

அவன் துண்டை எடுத்து முகத்தைத் துடைத்தான். "ரேஷன் கார்டு தாங்க. மெம்பர் கையெழுத்து நான் வாங்கிக் கொண்டுவரேன்."

வாசல்வரை போனவன் கார்டை விரித்துப் பார்த்துவிட்டுத் திரும்பினான். "இதுல உச்சிமாகாளின்னு இருக்கு. இவங்க யோசுவான்னு பறயறாங்க. பேப்பர்ல எந்தப் பேர எழுதணும்?"

பாஸ்டர் அவளைப் பார்த்தார். எல்லாரும் அவளைப் பார்த்தார்கள்.

"ரெண்டையும் எழுதும்" என்றாள்.

*

தங்கப்பன் போன பிறகு பாஸ்டர் அவளருகில், வாசல்நிலையை ஒட்டித் தரையில் உட்கார்ந்தார். மழை கொஞ்சம் விட்டிருந்தது.

"அக்கா, அடக்கத்துக்கு முன்னால ஒங்ககிட்ட ஒண்ணு சொல்லணும்."

அவள் திரும்பவில்லை.

"மாசத்துல மொத ஞாயித்துக்கெழம எங்களுக்குத் திருவிருந்து. அப்பமும் பாத்திரமும் எல்லாருக்கும் குடுப்போம். அவருக்கு நான் ஆறு வருசமா குடுக்கல."

"ஏன்?"

"நீங்க கோயிலுக்குப் பூ கட்டுதீங்கல்லா. விக்கிரகத்தால வாற சம்பாத்தியம் வீட்ல இருக்கப்படாது. எங்க தலைமைச் சபையில போட்ட சட்டம். ஒண்ணு நீங்க அத விடணும், இல்ல அவரு ஒங்களவிட்டுப் பிரிஞ்சு இருக்கணும். அத நாந்தான் அவர்ட்ட போய்ச் சொன்னேன்."

"எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லலியே."

"சொல்லமாட்டேன்னுட்டாரு. 'நான் குடிச்சுக் கெடந்த காலமெல்லாம் அந்தப் பூவுதான் சோறு போட்டுது பாஸ்டர். இப்ப எனக்கு ரட்சிப்பு வந்துட்டுன்னு அவ கையத் தட்டிவிட முடியாது. எனக்குக் குடுக்காண்டாம். நான் வாசல்கிட்ட உக்காந்துக்கிடுதேன்'னாரு." பாஸ்டர் தன் நகக்கண்களைப் பார்த்தார். "ஆறு வருசம். ஒரு ஞாயிறு தப்பல. தட்டு வரும்போது தலையக் குனிஞ்சுக்கிடுவாரு. அது அவரத் தாண்டி அடுத்த ஆள்கிட்டப் போயிரும்."

ஒருதரம், பண்டிகை நேரம், கூடையைத் தலையில் வைத்துக்கொண்டு அந்தத் தகரக் கொட்டகையைக் கடந்து போனபோது அவள் உள்ளே எட்டிப்பார்த்தது ஞாபகம் வந்தது. கடைசி வரிசையில், கதவுக்குப் பக்கத்தில், வெள்ளைச் சட்டையோடு உட்கார்ந்திருந்தான். காற்று வாங்குவதற்கு அங்கே உட்கார்ந்திருக்கிறான் என்று நினைத்துக்கொண்டாள். அன்று சாயங்காலம் அதைச் சொல்லிக் கேலிகூடச் செய்தாள். "சாமி கும்பிடப் போனா முன்னால போய் நிக்கணும். நீரு என்ன, செருப்புக்குக் காவலா?" அவனும் சேர்ந்து சிரித்தான்.

"இப்ப எதுக்கு எங்கிட்டச் சொல்லுதீரு?"

பாஸ்டர் எழுந்திருக்கப் போய், மறுபடி உட்கார்ந்தார்.

"தெரியல அக்கா" என்றார்.

*

கணவனின் அண்ணன் நயினார், பொன்முடி எஸ்டேட்டில் வாட்ச்மேன். தகவல் கிடைத்து, வித்துராவுக்கு இறங்கி பஸ் பிடித்து வந்துசேர மூன்று மணியாகிவிட்டது. முழங்கால்வரை சேறு. உள்ளே நுழைந்ததும் தம்பியின் நெஞ்சில் விழுந்து அழுதார். அழுது ஓய்ந்து நிமிர்ந்தபோதுதான் பலகைப் பெட்டியைக் கண்டார்.

"என்னது இது? எவன் கொண்டாந்தான்?"

"சபையில செஞ்சாங்க அத்தான்" என்றாள் செண்பகவல்லி.

"நம்ம சுடலை சாமிக்கு நேந்து பொறந்த பிள்ளை இவன். சங்கு இல்ல, கொட்டு இல்ல, நெத்தியில ஒரு பொட்டுத் துன்னூறு இல்ல. அனாதப் பொணமா?" அவர் பாஸ்டரைப் பார்த்துக் கத்தினார். "மருந்து வாங்கிக் குடுக்காமக் கொன்னு போட்டுட்டு, பெட்டி வேற கொண்டாந்தியாக்கும்! நான் எரிக்கப்போறேன். எந்தம்பி. எவன் தடுக்கான்னு பாப்பம்."

சபை ஆண்கள் இரண்டு பேர் எழுந்தார்கள். பாஸ்டர் கையைக் காட்டி அவர்களை உட்காரச் சொன்னார். 

"நீ சொல்லு தாயி. நீதான் பொண்டாட்டி. நீ அந்தக் கூட்டத்துல சேரல. கோயில் வாசல்ல இருக்கவ. நீ சொன்னா மறுபேச்சில்ல" என்றார் நயினார்.

செண்பகவல்லி எழுந்து அவனருகில் போனாள். தாடையில் கட்டியிருந்த துணி லேசாக நெகிழ்ந்திருந்தது. அதை அவிழ்த்து மறுபடி கட்டினாள். இருமுறை முடிச்சுப் போட்டாள்.

"ஆட்டோ வந்துச்சு அத்தான், காலையில. நாந்தான் திருப்பி அனுப்புனேன்" என்றாள். "அவரு தூக்காதன்னாரு. அப்பக் கேட்டுட்டேன். இப்பக் கேக்காம எப்படி இருக்க? அவரு இஷ்டப்படியே போகட்டும்."

நயினார் சுவரோடு சாய்ந்து அப்படியே உட்கார்ந்துவிட்டார். துண்டை வாயில் அடைத்துக்கொண்டு தோள் குலுங்க அழுதார். கொஞ்ச நேரம் கழித்து, அந்தத் துண்டின் முனையில் முடிந்து கொண்டுவந்திருந்ததை அவிழ்த்தார். ஒரு பிடி பச்சரிசி.

"இதையாவது போட விடுவாங்களா?" என்று அவளிடம் கேட்டார். சின்னப் பிள்ளை கேட்பதுபோல் இருந்தது.

அவள் பாஸ்டரைப் பார்த்தாள். பாஸ்டர் பாட்டுப் புத்தகத்தைத் திறந்து, சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டு, ஏதோ ஒரு பாட்டை மும்முரமாகத் தேட ஆரம்பித்தார். ஒவ்வொரு பக்கமாக, நாக்கில் விரலைத் தொட்டுத் தொட்டுப் புரட்டினார். நயினார் குனிந்து தம்பியின் உதட்டில் மூன்று தரம் அரிசியை இட்டார். சில மணிகள் வெள்ளைச் சட்டையின் காலரில் விழுந்தன. யாரும் அவற்றைத் தட்டிவிடவில்லை.

பாஸ்டர் பாட்டைக் கண்டுபிடித்துவிட்டார்.

*

தங்கப்பன் கையெழுத்தோடு நான்கு மணிக்கு வந்தான். பின்னால் சிவப்புத் துண்டுக்காரர்கள் ஆறு பேர். சபையில் திடமான ஆண்கள் குறைவு என்பதால் பெட்டியை அவர்களும் சேர்ந்து தூக்கினார்கள். "தூக்குறது எங்க தொழிலல்லே" என்றான் தங்கப்பன்.

செண்பகவல்லியின் வகையறாவில் பெண்கள் மயானத்துக்குப் போகிற வழக்கமில்லை. சந்து முனையோடு நின்று, குடம் தண்ணீரைக் கவிழ்த்துவிட்டுத் திரும்ப வேண்டும். சபைப் பெண்கள் நிற்காமல் பாடிக்கொண்டே நடந்தார்கள். மாடம்மாள் குடையை அவள் பக்கம் சாய்த்துப் பிடித்தாள். நின்றால் குடையும் நிற்கும் போலிருந்தது. அவளும் நடந்தாள். கிழக்கேகோட்டை வழியாகப் போனபோது கடைக்காரர்கள் எழுந்து நின்றார்கள். பூக்காரிகள் எட்டிப் பார்த்தார்கள். ஒருத்தி வாயில் கையை வைத்துக்கொண்டாள்.

மயானத்தின் மேற்கு ஓரம், மதிலை ஒட்டி, குழி வெட்டியிருந்தது. நேற்றும் முந்தாநாளும் பெய்த மழை மண்ணுக்குள்ளேயே இருந்தது. குழிக்குள் இடுப்பளவு செந்தண்ணீர். வெட்டியவன், "பெட்டி மெதக்கும். கோரணும்" என்றான். ஒரு பெயிண்ட் டின்னையும் ஒரு சருவப் பானையையும் கொண்டுவந்து போட்டான்.

பெட்டியைப் பலகைகளின் மேல் இறக்கித் தார்ப்பாயால் மூடினார்கள். பாஸ்டர் சட்டைக் கையை மடித்துக்கொண்டு குழிக்குள் இறங்கினார். அவருக்குப் பின்னால் நயினார், யாரும் கூப்பிடாமலே, வேட்டியைத் தார்பாய்ச்சிக்கொண்டு இறங்கினார். ஒருவர் கோரிக் கொடுக்க, மற்றவர் வாங்கி மேலே நீட்ட, விளிம்பில் மண்டியிட்டிருந்த தங்கப்பன் வாங்கி ஊற்றினான். ஊற்றிய தண்ணீர் பாதி மறுபடி உள்ளேயே வடிந்தது. "தள்ளி வீசி ஊத்துங்க, ஓரமா ஊத்தாதீங்க" என்று நயினார் கீழிருந்து அதட்டினார். பெண்களுக்குத் தெரிந்த பாட்டுகள் எல்லாம் தீர்ந்து, முதலில் பாடியதையே திரும்பவும் எடுத்தார்கள். தூறல் போட்டது. வெளிச்சம் இறங்கிக்கொண்டிருந்தது.

தண்ணீர் முழங்காலுக்கு வந்தது. அதற்குக் கீழே இறங்கவில்லை. கோரக் கோர மதில் பக்கத்திலிருந்து ஊறிவந்தது. தங்கப்பன் இடுப்பைப் பிடித்துக்கொண்டு ஒரு கணம் நிமிர்ந்தான்.

செண்பகவல்லி குடைக்கு வெளியே வந்தாள். சேலையை முழங்காலுக்கு மேல் தூக்கி இடுப்பில் செருகினாள். ஈரமண் சரிந்துவிடாமல் காலை ஊன்றி, விளிம்பில் தங்கப்பனுக்குப் பக்கத்தில் குந்தினாள். அவன் நகர்ந்து இடம் கொடுத்தான்.

கீழிருந்து டின் வந்தது. இரண்டு கையாலும் வாங்கினாள். நல்ல கனம். எழுந்து நாலு எட்டு தள்ளிப் போய், தண்ணீர் திரும்பி வராத சரிவு பார்த்து ஊற்றினாள். வந்து, காலி டின்னைக் கீழே கொடுத்துவிட்டு, அடுத்ததற்குக் கையை நீட்டினாள்.